பின்னால் ஓடுகிறவள்

முத்தாண்டித்துறை ஆஸ்பத்திரியில் டாக்டர் பேசி முடித்த பிறகுதான் சிஸ்டர் ரொசாலியின் வேலை தொடங்கும்.

நோயாளியும் கூட வந்தவர்களும் அறையைவிட்டு வெளியே வருவார்கள். வராந்தாவில் செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு, வாசலில் நிற்கும் ஷேர் ஆட்டோவைப் பார்த்து நடப்பார்கள். உள்ளே போகும்போது இருந்த கலக்கம் இப்போது முகத்தில் இருக்காது. அந்த நேரம் பார்த்து ரொசாலி கையில் இருப்பதை அப்படியே வைத்துவிட்டு அவர்கள் பின்னால் ஓடுவாள். ஐம்பத்தொரு வயது, கனத்த உடம்பு, இடது முழங்கால் சரியாக மடங்காது. ஆனாலும் ஓடுவாள். அவளுடைய ரப்பர் செருப்பு தரையில் அடிக்கும் சத்தம் வராந்தா முழுக்கக் கேட்கும்.

செண்பகவல்லிக்கு முதல் வாரம் இது கண்ணில் படவில்லை. அவள் அங்கே டாக்டராகிப் பத்தாவது நாள், சூசை என்ற வலைக்காரர் தன் மகளோடு வந்தார். மூன்று மாதமாகக் குரல் கட்டியிருந்தது. செண்பகவல்லி அவர் தொண்டைக்குள் விளக்கடித்துப் பார்த்தாள், கழுத்தைத் தடவிப் பார்த்தாள், என்ன என்று அவளுக்கு உடனே தெரிந்துவிட்டது. மென்மையாகப் பேசி அனுப்பிவைத்தாள். பிறகு கை கழுவிக்கொண்டே ஜன்னல் வழியாகப் பார்த்தபோது, வெளியே குடிநீர்க் குழாய்க்குப் பக்கத்தில் ரொசாலி அந்த மகளின் தோளைப் பிடித்து ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள். சற்று நேரத்தில் அந்தப் பெண் ஈரத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

ரொசாலி திரும்பி வந்ததும் செண்பகவல்லி கேட்டாள்.

"அவங்ககிட்ட என்ன சொன்னீங்க சிஸ்டர்?"

"நீங்க சொன்னதத்தான் டாக்டரம்மா. கொஞ்சம் உப்புப் போட்டுச் சொன்னேன்."

"நான் தெளிவாத்தானே சொன்னேன்?"

"என்ன சொன்னீங்க? பயப்பட ஒண்ணுமில்ல, சின்னதா ஒரு டெஸ்ட் எடுத்துப் பாத்துட்டா நமக்கும் நிம்மதின்னீங்க. அந்த மனுசன், கோயில் திருவிழா கழியட்டும், அப்புறம் போலாம்னு மககிட்டப் பேசிக்கிட்டே போறாரு. நான் போயி, திருவிழா வரைக்கும் இது நிக்காது, வெள்ளிக்கிழமைக்குள்ள பெரியாஸ்பத்திரிக்குப் போங்கன்னு சொன்னேன்."

செண்பகவல்லிக்குச் சுருக்கென்றது. தான் சொன்னதற்கும் ரொசாலி சொன்னதற்கும் வித்தியாசமே இல்லை என்றுதான் அவளுக்குப் பட்டது. 'சின்ன டெஸ்ட்' என்று டாக்டர் சொன்னால் அதன் எடை என்ன என்று கேட்பவருக்குத் தெரியாதா?

ரொசாலி அவள் முகத்தைப் பார்த்துச் சிரித்தாள். "உங்க தப்பில்லம்மா. உங்களுக்குள்ள இருக்காரே பரஞ்சோதி டாக்டர், அவரே அப்படித்தான்."

கோவில்பட்டியில் செண்பகவல்லி தையல்காரி. ரவிக்கை தைப்பதில் அவளுக்கு நல்ல பெயர். இந்த இருபத்தொரு நாளுக்கு மட்டும் அவள் டாக்டர். அவளைப் போன்றவர்களை ஊரில் தவணை டாக்டர் என்பார்கள். படித்த டாக்டர்கள் சின்ன ஊர்களுக்கு வருவது நின்று பல வருடம் ஆகிறது. முதலில் கம்பெனிகள் நிஜ டாக்டர்களையே பதினைந்து நாள், இருபது நாள் என்று ஊர் ஊராக அனுப்பிப் பார்த்தன. அவர்களும் போதாமல் போனபோது, ஒரு நல்ல டாக்டரின் அறிவைப் படியெடுத்து இன்னொருவர் தலையில் சில நாளைக்கு ஏற்றலாம் என்று கண்டுபிடித்தார்கள். கை நடுங்காத, கண் நன்றாகத் தெரிகிற, பொறுமையுள்ள யாராக இருந்தாலும் போதும். காதுக்குப் பின்னால் ஒரு ரூபாய் நாணயம் அளவில் ஒரு வில்லை. வைப்பதை ஏற்றம் என்றும் எடுப்பதை இறக்கம் என்றும் சொன்னார்கள், லாரியில் மூட்டையைச் சொல்வது போல. இருபத்தொரு நாளுக்கு மேல் மூளை தாங்காது.

இறக்கும்போது டாக்டர் மட்டும் போவதில்லை. அந்த இருபத்தொரு நாளும் சேர்ந்தே போய்விடும். ஏற்றத்திற்கு முன்பு நடந்த வகுப்பில் கம்பெனிப் பெண் இதை விளக்கியபோது செண்பகவல்லிக்குத் தன் தொழிலை வைத்துப் புரிந்தது. நெய்து முடித்த துணியில் ஒரு நிறத்து நூலை மட்டும் உருவ வராது. அந்த இடத்தையே வெட்டித்தான் எடுக்க வேண்டும். கம்பெனிக்கும் அது வசதியாக இருந்தது. நோயாளிகளின் ரகசியம் எதுவும் வெளியே போகாது. போனதைப் பிறகு யாரும் திருப்பிச் சொல்லவும் கூடாது. எங்கோ ஒரு தவணை டாக்டருக்கு, அவர் கையில் ஒரு குழந்தை இறந்ததைப் பின்னால் யாரோ சொல்லப்போய், அவர் அந்த ஞாபகமே இல்லாமல் அந்தப் பழியைச் சுமந்து புத்தி பேதலித்துப் போனாராம். அதிலிருந்து சட்டம் கடுமையானது.

"பரஞ்சோதி டாக்டர்கூட நான் அஞ்சு வருசம் வேலை பாத்தேன்," என்றாள் ரொசாலி. "தங்கமான மனுசன். யாரையும் ஒரு சொல்லு பயமுறுத்த மாட்டாரு. சாகப்போறவன்கூடச் சிரிச்சுக்கிட்டுதான் வெளிய வருவான். அப்பவும் பின்னால ஓடினது நான்தான். புகாரே வராத டாக்டர் யாருன்னு கம்பெனி தேடுனப்ப இவர் பேருதான் முதல்ல வந்துச்சு. தலையில வயரெல்லாம் ஒட்டி மூணு மாசம் படியெடுத்தாங்க. அவரு போய்ச் சேந்தும் ஒம்பது வருசமாச்சு. இன்னிக்கு முந்நூறு ஆஸ்பத்திரியில அவரு உக்காந்திருக்காரு."

பஞ்சை உருட்டி டப்பாவில் போட்டாள்.

"பின்னால ஓடினவள யாரும் படியெடுக்கல. எங்கெங்க அவரை ஏத்தியிருக்காங்களோ, அங்கெல்லாம் நர்ஸுங்க தானாவே ஓடப் படிச்சுக்கிட்டாங்க. ஒரு வகையில நல்லதுதான். என்னைப் படியெடுத்திருந்தா இந்த முட்டிவலியும் முந்நூறு பேருக்குப் போயிருக்கும்."

இருபதாவது நாள் முற்பகலில் இசக்கி வந்தான்.

அவன் செண்பகவல்லியின் கணவன். தண்ணீர் லாரி ஓட்டுகிறவன். பக்கத்து உப்பளத்துக்கு லோடு வந்ததாகச் சொல்லி, ஆஸ்பத்திரி வாசலில் லாரியை மறித்தாற்போல நிறுத்திவிட்டு, நோயாளிகளோடு நோயாளியாக வரிசையில் உட்கார்ந்திருந்தான். அவன் முறை வந்ததும் உள்ளே வந்து கைகட்டி நின்றான்.

"டாக்டரம்மா, இருபது நாளா வீட்ல சோறு சரியில்ல. மருந்து எழுதிக் குடுங்க."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அவனை இந்தக் கண்ணோடு பார்ப்பது விசித்திரமாக இருந்தது. அவன் மூச்சு விடுவதை எண்ணினாள், நகத்தின் நிறத்தைப் பார்த்தாள், கண்ணின் வெள்ளையைப் பார்த்தாள். அவள் விரும்பித்தான் பார்த்தாள் என்றில்லை. பரஞ்சோதி பார்த்தார்.

இசக்கி மேசைக்கு எதிரே நாற்காலியில் உட்கார்ந்து வலது காலைத் தூக்கி இடது தொடைமேல் போட்டுக்கொண்டான். செருப்பில்லாத கால். லாரி ஓட்டும்போது அவன் செருப்புப் போடமாட்டான், வண்டி பேசுவது உள்ளங்காலில்தான் கேட்கும் என்பான். அந்த உள்ளங்காலில், பெருவிரலுக்குக் கீழே சதைப்பற்றான இடத்தில், புளியங்கொட்டை அகலத்துக்கு ஒரு கறுப்பு.

"இது எப்ப வந்துச்சு?"

"அதா? ஆக்சிலேட்டர் குத்தின மச்சம். அரசாங்கம் குடுத்த முத்திரை."

அவள் எழுந்துவந்து தரையில் மண்டியிட்டு அவன் காலைக் கையில் ஏந்தினாள். கறுப்பு ஒரே கறுப்பாக இல்லை. ஓரிடத்தில் பழுப்பு, ஓரிடத்தில் நீலம். ஓரம் நீரில் விழுந்த மைபோலப் பிசிறியிருந்தது. லென்ஸ் வைத்துப் பார்த்தாள். பார்க்கத் தேவையே இருக்கவில்லை. இப்போதே வெட்டி எடுத்தால் பிழைத்துவிடுவான். ஆறு மாதம் தள்ளினால் கால் போகும். அதற்கும் மேலே போனால் வெட்டுவதற்கு எந்த இடமும் மிஞ்சாது.

அவளுக்குள் எங்கோ ஆழத்தில் கோவில்பட்டி செண்பகவல்லி அலறினாள். அந்த அலறல் தொண்டைவரை வந்தது. வாய்க்கு வரும்போது அது வேறு ஒன்றாக ஆகியிருந்தது.

"பயப்பட ஒண்ணுமில்ல," என்று அவள் தன் குரலைத் தானே கேட்டாள். "சின்னதா ஒரு டெஸ்ட் எடுத்துப் பாத்துடலாம்."

இசக்கியின் முகம் சற்று இறுகியது. "வெட்டணும்பியா?"

அவன் எதைக் கேட்கிறான் என்று அவளுக்குத் தெரியும். அவனுடைய அப்பாவுக்குச் சர்க்கரை வந்து முழங்காலுக்கு மேலே எடுத்தார்கள். பன்னிரண்டாம் நாள் இறந்துபோனார். ஆஸ்பத்திரி என்றாலே இசக்கிக்கு அந்த வெள்ளைத் துணி சுற்றிய பாதிக் கால்தான்.

"அதெல்லாம் அப்புறம் பாத்துக்கலாம். முதல்ல டெஸ்ட்."

"அவ்வளவுதான? நீ வீட்டுக்கு வா, போவோம்," என்று அவன் காலைக் கீழே போட்டுக்கொண்டான். முகம் தெளிந்துவிட்டது. உள்ளே வந்த எல்லோருக்கும் வருகிற அதே தெளிவு.

கணினியில் அவன் பெயரைப் போட்டு, நகரத்து மருத்துவமனைக்குச் சீட்டு எழுதப் பார்த்தாள். பணியாளரின் உறவினர், பதிவு செய்ய இயலாது என்று திரை மூடிக்கொண்டது. மறுபடி போட்டாள். மறுபடியும் மூடிக்கொண்டது. வெளியே யாரோ லாரியை எடுக்கச் சொல்லி ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார்கள். "நாளைக்கு இறக்கிட்டுப் பழைய வள்ளியா வந்து சேருட்டி," என்று சொல்லிவிட்டு இசக்கி போனான். அவள் வராந்தாவைப் பார்த்தாள். செருப்புச் சத்தம் எதுவும் கேட்கவில்லை. அன்று ரொசாலிக்கு வார விடுப்பு.

மறுநாள் காலை ரொசாலி வந்ததும் செண்பகவல்லி எல்லாவற்றையும் சொன்னாள். சொல்லும்போதுகூடக் குரல் நடுங்கவில்லை. அது அவளையே பயமுறுத்தியது. மாலை மூன்று மணிக்குக் கம்பெனி வண்டி வரும். அதன்பிறகு இசக்கியின் உள்ளங்காலைப் பார்த்ததே அவளுக்குத் தெரியாது. இரண்டு நாள் நீட்டித்துக் கொடுக்கச் சொல்லிக் காலையிலேயே கேட்டுப் பார்த்துவிட்டாள். மூளை தாங்காது என்று மறுத்துவிட்டார்கள்.

"நம்பரைக் குடுங்க. அவருகிட்ட நான் பேசுறேன்," என்றாள் ரொசாலி.

"வேண்டாம் சிஸ்டர். டாக்டர் வீட்டு ஆளுங்ககிட்ட இங்கிருந்து பேசக் கூடாது, பேசினா பதிவாகும். போன வருஷம் அப்படி ஒரு சிஸ்டருக்கு வேலை போச்சுன்னு நீங்கதானே சொன்னீங்க. உங்க வேலை போனா இங்க வர்றவங்க பின்னால யார் ஓடுவா?"

நம்பருக்காக நீட்டிய கையை ரொசாலி இழுத்துக்கொண்டாள்.

"எனக்கு நானே ஒரு கடிதம் எழுதிக்கிறேன். என் கையெழுத்து, எனக்குத் தெரியாதா? நான் சொன்னா நான் கேக்க மாட்டேனா?"

"பையெல்லாம் பாப்பாங்களே."

"கருப்பட்டிய யாரும் கொட்டிப் பாக்க மாட்டாங்க."

அந்த ஊரில் ஒரு வழக்கம் இருந்தது. தவணை முடிந்து போகும் டாக்டருக்கு யாராவது ஓர் ஓலைக் கொட்டானில் கருப்பட்டி வாங்கி வந்து கொடுப்பார்கள். யார் கொடுத்தது என்பது வாங்கிக்கொண்டு போகிறவருக்கு நினைவிருக்காது என்று தெரிந்தும் கொடுப்பார்கள். இந்த முறை சூசையின் மகள் கொண்டுவந்திருந்தாள். அப்பாவை நகரத்தில் சேர்த்துவிட்டதாகவும், நல்லவேளையாக நாள் தள்ளாமல் வந்தீர்கள் என்று அங்கே சொன்னதாகவும் சொல்லிவிட்டுப் போனாள்.

"நல்லாப் பயப்படுற மாதிரி எழுதுங்க டாக்டரம்மா," என்றாள் ரொசாலி. "எழுதி முடிச்சதும் என்கிட்டக் காட்டுங்க. பாத்துட்டு மடிச்சு வைப்போம்."

செண்பகவல்லி மதியம் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தாள். முதல் காகிதத்தில் நோயின் பெயரை எழுதினாள். எழுதியதும் கை தானாகவே அதைக் கிழித்தது. வீட்டில் தனியாக இதைப் படிக்கப்போகிற ஒரு பெண்ணை நினைத்துப் பார்த்தாள். அவளிடம் இப்படியா சொல்வது? அவள் மயங்கி விழுந்தால் பக்கத்தில் யார்? இரண்டாவது காகிதத்தில் கால் போய்விடும் என்று எழுதினாள். அதுவும் கொடுமையாகப் பட்டது. நான்காவது காகிதத்தில்தான் எல்லாம் சரியாக அமைந்தது. சொல்ல வேண்டியது ஒன்றும் விடுபடவில்லை. ஒரு வரிகூட முரட்டுத்தனமாக இல்லை. இருமுறை படித்துப் பார்த்தாள். படிக்கிறவருக்கு இதைவிடத் தெளிவாகச் சொல்ல முடியாது என்று நிறைவாக இருந்தது.

ரொசாலியைத் தேடிப் போனபோது அவள் பிரசவ அறையில் இருந்தாள். தலைப்பிரசவம், குழந்தை குறுக்கே கிடந்தது. செண்பகவல்லியும் உள்ளே போய்விட்டாள். ஒன்றரை மணி நேரம் வேறு நினைவில்லை. குழந்தை அழுதபோது வாசலில் கம்பெனி வண்டி நின்றுகொண்டிருந்தது. அவள் கையைக் கழுவிவிட்டு, கருப்பட்டிகளை எடுத்து, கடிதத்தை ஓலைக்கு அடியில் செருகி, மறுபடி அடுக்கி மூடினாள். ரொசாலி முழங்கைவரை ரத்தமாக வாசலில் வந்து நின்றாள்.

"எழுதிட்டீங்களா?"

"எழுதிட்டேன்."

"பயப்படுற மாதிரியா?"

"எல்லாம் இருக்கு சிஸ்டர்."

ரொசாலி கொட்டானைப் பார்த்தாள், தன் கையுறைகளைப் பார்த்தாள். அதற்குள் கம்பெனிப் பையன் வந்துவிட்டான். மரியாதையான பையன். செண்பகவல்லியின் பையைப் பிரித்து ஒவ்வொன்றாகப் பார்த்தான். பேனாவை எடுத்துக்கொண்டான். கொட்டானைத் திறந்து முகர்ந்தான்.

"ரெண்டு எடுத்துக்கோங்க தம்பி," என்றாள் ரொசாலி. "சுக்கு போட்டது."

அவன் மேலிருந்து ஒன்றை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு மூடியைத் திருப்பி வைத்தான்.

செண்பகவல்லி வண்டியில் ஏறி உட்கார்ந்து திரும்பிப் பார்த்தபோது ரொசாலி வராந்தாவின் படியில் நின்றுகொண்டிருந்தாள். ஒரு கால் அடுத்த படிக்கு வந்திருந்தது. வண்டி கிளம்பியதும் அவள் நாலைந்து எட்டு ஓடிவந்ததுபோல இருந்தது. பிறகு தூசி மறைத்துவிட்டது.

கோவில்பட்டி வீட்டில் கண்விழித்துப் பார்த்தபோது, மழைநாளில் நன்றாகத் தூங்கி எழுந்தது போலத்தான் இருந்தது செண்பகவல்லிக்கு. இருபத்தொரு நாள் கழிந்ததற்குக் காலண்டர்தான் சாட்சி. வலது கை விரல் இடுக்கில் மட்டும் சோப்பு வாடை போகாமல் இருந்தது. அவள் தையல் மெஷினைத் துடைத்து எண்ணெய் விட்டாள். தேங்கிக் கிடந்த ரவிக்கைத் துணிகளைப் பிரித்தாள்.

மூன்றாம் நாள் காபிக்குக் கருப்பட்டி தீர்ந்தபோது கொட்டானின் அடியில் கடிதம் கிடைத்தது. தவணை டாக்டர்கள் இப்படித் தனக்குத்தானே எழுதி வைப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறாள். அப்படி எழுதினால் அதில் நல்ல சேதி இருக்காது என்றும் கேள்விப்பட்டிருக்கிறாள். அடுப்பை அணைத்துவிட்டு, சுவரில் சாய்ந்துகொண்டு பிரித்தாள்.

*அன்புள்ள வள்ளிக்கு,*

*அவருடைய வலது உள்ளங்காலில் சிறியதாக ஒரு கரும்புள்ளி இருக்கிறது. பயப்பட ஒன்றுமில்லை. சின்னதாக ஒரு டெஸ்ட் எடுத்துப் பார்த்துவிட்டால் நமக்கும் நிம்மதி. அதிகம் தள்ளிப்போடாமல், சௌகரியமான ஒரு நாளில், பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போய் வா. தைரியமாக இரு.*

அவளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. எவ்வளவு அழகாக எழுதியிருக்கிறேன் என்றுகூடத் தோன்றியது. பள்ளிக்கூடத்தில் ஒரு கடிதம் ஒழுங்காக எழுதியவள் இல்லை அவள். சாயங்காலம் இசக்கி வந்ததும் காட்டினாள். அவன் ஏற்கெனவே தெரிந்ததுபோலத் தலையாட்டினான்.

"நான் அங்க வந்திருந்தேன்லா. நீதான் பாத்த. இதேதான் சொன்ன."

"நான் வேற என்னமும் சொன்னேனா?"

"தரையில முட்டிபோட்டு என் காலப் புடிச்ச. கல்யாணமாகிப் பதினாலு வருசத்துல நடக்காத காரியம்."

"எப்பப் போவோம்?"

"சௌகரியமான நாளில்னு டாக்டரம்மா எழுதியிருக்காவ. கோடையில தண்ணி லாரிக்காரனுக்கு ஏது சௌகரியம்? மழை விழட்டும்."

அந்தக் கடிதத்தை அவன் மடித்து, லாரியின் கண்ணாடிக்கு மேலே சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்துக்கொண்டான். உள்ளுக்குள் அவனுக்குப் பயம் இருந்தது அவளுக்குத் தெரியும். அப்பாவின் காலைப் பற்றிய பேச்சு வந்தால் எழுந்து போய்விடுகிறவன். அவனை வற்புறுத்த அவளுக்கும் ஒரு காரணம் வேண்டியிருந்தது. அந்தக் கடிதத்தில் அப்படி ஒரு காரணம் இல்லை. அவள் இரண்டு தடவை பேச்செடுத்தாள். இரண்டு தடவையும் அவன், "உன்னைவிட டாக்டருக்குத் தெரியாதாக்கும்? அதுவும் அந்த டாக்டரு நீதானட்டி," என்று சிரித்தான். அவளும் சிரித்துவிட்டாள்.

மழை விழுந்தது. தீபாவளித் தையல் வந்தது. புள்ளி கொஞ்சம் பரந்து, நடுவில் வெடித்து, செருப்பில் ரத்தம் பட்டது. மெடிக்கல் கடையில் கால் ஆணிக்கு ஒட்டும் பிளாஸ்திரி வாங்கி ஒட்டினாள். இரவில் மஞ்சள் பற்றுப் போட்டாள். அப்புறம் தொடை இடுக்கில் நெறி கட்டியது. காலில் புண் இருந்தால் நெறி கட்டுவது எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஆனால் இது வற்றவில்லை. எலுமிச்சை அளவுக்கு வந்து கல்லாக நின்றது. அவன் பிரேக் மிதிக்கும்போது முகம் சுளிப்பதைப் பக்கத்து வண்டிக்காரன் வந்து சொன்னான். அன்றைக்கு அவள் மெஷினை மூடி வைத்தாள். ஒரு செவ்வாய்க்கிழமை காலையில், அவன் எத்தனை சொல்லியும் கேட்காமல், நகரத்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அவள் முத்தாண்டித்துறையிலிருந்து திரும்பி எட்டு மாதம் ஆகியிருந்தது.

அங்கேயும் தவணை டாக்டர்தான். முப்பது வயது இருக்கும், ஒல்லியான ஆள். காதுக்குப் பின்னால் வில்லை மினுங்கியது. விரல்களின் புறத்தில் சின்னச் சின்னப் பழைய தீப்புள்ளிகள். ஊரில் வெல்டிங் வேலை செய்கிறவராக இருக்கும் என்று செண்பகவல்லி நினைத்துக்கொண்டாள். அவர் இசக்கியின் காலைக் கையில் ஏந்திப் பார்த்தார். அதற்காக அவர் தரையில் மண்டியிட்டது அவளுக்குப் பிடித்திருந்தது. தொடை இடுக்கைத் தொட்டுப் பார்த்தார். அங்கே அவர் விரல் கொஞ்சம் கூடுதல் நேரம் நின்றது. பிறகு வயிற்றை அழுத்திப் பார்த்தார், மூச்சை இழுத்து விடச் சொல்லிக் கேட்டார்.

"இதை இதுக்கு முன்னால யார்கிட்டயாவது காட்டினீங்களா?"

இசக்கி சட்டைப் பையிலிருந்து கடிதத்தை எடுத்து நீட்டினான். நாலாய் மடித்து மடித்து மடிப்பு கிழியத் தொடங்கியிருந்தது. "டாக்டர் எழுதினது சார். வீட்டுக்கார அம்மாதான் அந்த டாக்டர்," என்று பெருமையாகச் சொன்னான்.

அவர் படித்தார். ஐந்து வரிக்கு அவ்வளவு நேரம் எதற்கு என்று செண்பகவல்லிக்குப் புரியவில்லை. படித்து முடித்தும் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அதை மடித்து அவளிடமே கொடுத்தார். அவர் கண் அவள் கண்ணை ஒரு கணம் பார்த்துவிட்டு விலகியது.

"நல்லா எழுதியிருக்கீங்கம்மா. நானா இருந்தாலும் இப்படித்தான் எழுதியிருப்பேன்."

அவள் கடிதத்தை வாங்கிக்கொண்டாள். அவர் மேசைக்குப் போய் உட்கார்ந்து எதையோ எழுதினார். எழுதிக்கொண்டே, தலை நிமிராமல், மிக மென்மையான குரலில் சொன்னார்.

"பயப்பட ஒண்ணுமில்ல. சின்னதா ஒரு டெஸ்ட் எடுத்துப் பாத்துட்டா நமக்கும் நிம்மதி."

செண்பகவல்லி கையிலிருந்த தாளைப் பிரித்தாள். இரண்டாவது வரி. மூன்றாவது வரி. எழுத்து அவளுடையதுதான். 'ப'வின் வால் அவள் போடுவது போலவே வளைந்திருந்தது. ஆனால் அவள் என்றைக்கு இப்படிப் பேசினாள்? இசக்கிக்கு ஒரு முள் குத்தினாலே தெருவே கூடும்படி கத்துகிறவள் அவள். நமக்கும் நிம்மதி என்று அவள் வாழ்க்கையில் யாரிடமும் சொன்னதில்லை.

"அதிகம் தள்ளிப்போடாம," என்றார் டாக்டர். "தைரியமா இருங்க."

இசக்கி எழுந்து லுங்கியைச் சரிசெய்துகொண்டான். அவன் முகம் தெளிந்திருந்தது. "கேட்டியா? சின்ன டெஸ்ட்டுதான். இதுக்குப் போயி ஒரு நாள் பொழப்பக் கெடுத்தியே," என்றான். அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். டாக்டரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பியிருந்தார். அந்தத் தீப்புள்ளி விரல்கள் மேசையின் விளிம்பை இறுகப் பிடித்திருந்தன.

வராந்தாவில் இசக்கி செருப்பைத் தேடிக் காலில் மாட்டினான். வலது காலுக்கு மாட்டும்போது பல்லைக் கடித்தான், உடனே சிரித்தான். வாசலில் ஒரு பஸ் நின்றது. அதைப் பிடித்துவிட்டால் மத்தியானச் சோற்றுக்கு வீட்டில் இருக்கலாம் என்றான். இருவரும் நடந்தார்கள். பத்து எட்டு வைத்திருப்பார்கள்.

பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. யாரோ ஓடி வந்துகொண்டிருந்தார்கள். ரப்பர் செருப்பு தரையில் அடித்து அடித்து வந்தது. "அக்கா, நில்லுங்க," என்று ஓர் இளம் செவிலியின் குரல், மூச்சு வாங்க.

செண்பகவல்லி நின்றாள். திரும்பவில்லை. அந்தச் சத்தத்தை எங்கோ நிறைய நாள் கேட்டதுபோல இருந்தது. எங்கே என்று தெரியவில்லை. அது எதற்காக வருகிறது என்று மட்டும் தெரிந்தது. அது வந்து சேர இன்னும் கொஞ்ச தூரம் இருந்தது. அதுவரை அவள் இசக்கியின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவன் பஸ்ஸைப் பார்த்துக் கை காட்டி, இருங்க வாரோம் என்று சிரித்துக்கொண்டிருந்தான்.